தோற்பதற்கும் ஒரு திறமை வேண்டும்

162 ஆட்டங்களில் 121 ஆட்டங்களைத் தோற்பதற்கு எத்தனை விடாமுயற்சி வேண்டும் என்பதை, 2024ஆம் ஆண்டின் சிகாகோ ஒயிட் சாக்ஸ் பேஸ்பால் அணி உலகுக்கே செய்து காட்டியது. முதல் 25 ஆட்டங்களில் வென்றவை மூன்றே மூன்று. பிறகு தொடர்ச்சியாக 14 தோல்விகள்; அதுவும் போதாதென்று ஜூலையிலும் ஆகஸ்டிலுமாகத் தொடர்ந்து 21 தோல்விகள்! பந்து வீசத் தொடங்கியவர் அரும்பாடுபட்டு முன்னிலையைக் காத்துக் கொடுத்தால், அவருக்குப் பின் வருபவர் அதைத் தாரை வார்த்துவிட்டுத்தான் மறுவேலை பார்ப்பார். 1962இல் 120 தோல்விகளைக் கண்ட நியூயார்க் மெட்ஸுக்காவது அது முதல் சீசன், மன்னித்துவிடலாம். 2021இல் தன் பிரிவில் முதலிடம் பிடித்த இந்த அணிக்கு என்ன சாக்கு இருக்கிறது? ஆகஸ்டில் மேலாளர் பெட்ரோ கிரிஃபோலை நீக்கினார்கள், தோல்விகள் நின்றனவா? 121ஆவது தோல்வியை டெட்ராய்டில் வாங்கி, அந்த ஊர் அணியைப் பிளே-ஆஃப் சுற்றுக்கு வழியனுப்பி வைத்ததுதான் (தாராள மனசு!) கண்ட பலன். இந்த அழகில், உரிமையாளர் ஜெர்ரி ரைன்ஸ்டார்ஃபுக்குப் பொதுப்பணத்தின் துணையோடு புதிய மைதானம் வேண்டுமாம். ஏன், தோற்பதற்கு இப்போதுள்ள மைதானத்தில் இடம் போதவில்லையா?