அந்த நாற்காலி வேண்டாம் என்றவர்

அமெரிக்க நகைச்சுவை நடிகை ஜெசிகா வில்லியம்ஸ் பற்றிப் பேச்சு எடுத்தாலே, "ஜான் ஸ்டூவர்ட் இடத்துல உட்கார்ந்திருக்க வேண்டியவங்க, விட்டுட்டாங்க" என்று யாராவது ஒருவர் உச்சுக்கொட்டிவிடுகிறார். எனக்கு இது கொஞ்சமும் பிடிக்கவில்லை. ஏன் என்று விரிவாகவே எழுதுகிறேன்.

ஜான் ஸ்டூவர்ட் தொகுப்பாளராக நடத்திய 'தி டெய்லி ஷோ' அமெரிக்காவின் அரசியல் நையாண்டி நிகழ்ச்சி. அதில் செய்தியாளராக வருபவர்கள் நகைச்சுவைக் கலைஞர்கள். 2012 ஜனவரியில் ஜெசிகா அங்கே சேர்ந்தபோது வயது 22. அதுவரை வந்த செய்தியாளர்களில் அவரே இளையவர். அந்தப் பொறுப்புக்கு வந்த முதல் கறுப்பினப் பெண்ணும் அவர்தான்.

அவருடைய திறமைக்கு அந்த நிகழ்ச்சியில் வந்த ஒரு காட்சித் துண்டு போதும். நியூயார்க் போலீஸ் தெருவில் போகிறவர்களைச் சந்தேகத்தின் பேரில் நிறுத்தி உடம்பைத் தடவிச் சோதிக்கும். மாட்டுபவர்கள் பெரும்பாலும் கறுப்பின, லத்தீன் இளைஞர்கள். இது நடக்கும் விதம் அரசியல் சாசனத்துக்கு விரோதம் என்று 2013 ஆகஸ்டில் ஒரு நீதிபதி தீர்ப்பளித்தார். அந்த வாரம் ஜெசிகா திரையில் வந்து, இந்தச் சோதனை தொடர வேண்டும் என்கிறார். எங்கே? குற்றம் மலிந்த பகுதியான வால் ஸ்ட்ரீட்டில். கோட்டு சூட்டுப் போட்ட வெள்ளைக்கார ஆண்களை நிறுத்திச் சோதியுங்கள் என்கிறார். எல்லா வங்கிக்காரர்களையும் சந்தேகப்பட முடியுமா என்று, அப்போது ஸ்டூவர்ட்டுக்குப் பதிலாக நிகழ்ச்சியை நடத்திய ஜான் ஆலிவர் பதறுகிறார். குற்றவாளி என்று நினைக்கக் கூடாதென்றால் அப்படி உடுத்தாமல் இருக்கலாமே என்று பதில் வருகிறது. முகத்தில் ஒரு சிரிப்பு இல்லை. கறுப்பின இளைஞர்களுக்கு ஆண்டுக்கணக்கில் சொல்லப்பட்ட அறிவுரையை எழுத்து மாறாமல் திருப்பிக் கொடுத்துவிட்டார். பத்துக் கட்டுரை எழுதினாலும் இவ்வளவு உறைக்காது.

2015 பிப்ரவரியில் ஸ்டூவர்ட் விலகுவதாக அறிவித்ததும், அடுத்து ஜெசிகாதான் வர வேண்டும் என்று ரசிகர்கள் இணையத்தில் மனுப் போட்டார்கள். தனக்கு இன்னும் அந்தத் தகுதி வரவில்லை, தான் வரப்போவதில்லை என்று அவரே ட்விட்டரில் எழுதினார். விஷயம் அங்கே முடிந்திருக்க வேண்டும். ஆனால் ஒரு பெண் கட்டுரையாளர், இது பெண்களுக்கே உரிய தன்னம்பிக்கைக் குறை, இவருக்கு யாராவது தைரியம் சொல்ல வேண்டும் என்று எழுதிவிட்டார். ஜெசிகா கடுமையாகப் பதில் கொடுத்தார். எனக்கு எது சரி என்று எனக்குத் தெரியும், நீங்கள் தீர்மானிக்காதீர்கள் என்பதே சாரம். எழுதியவர் மன்னிப்புக் கேட்டார்.

இதே வேலையை ஓர் ஆண் வேண்டாம் என்றிருந்தால் 'தெளிவானவர்' என்றிருப்போம். பெண் என்றால் மட்டும், தேடி வந்த லட்சுமியை உதைத்துவிட்டாள் என்ற அங்கலாய்ப்பு. (சேனல் அந்த இடத்தை அவருக்குக் கொடுக்க முன்வந்ததாகக்கூட நான் எங்கும் படித்ததில்லை.)

2016 நடுவில் அவர் நிகழ்ச்சியை விட்டு வெளியே வந்தார். அதற்குள் நகைச்சுவைக் கலைஞர் ஃபீபி ராபின்சனோடு '2 டோப் குவீன்ஸ்' பாட்காஸ்ட் தொடங்கியிருந்தது. ராணுவத்தில் கறுப்பினப் பெண்களின் தலைமுடிக்கு விதித்த கட்டுப்பாடுகள் பற்றி டெய்லி ஷோவுக்காக எடுத்த துண்டில் ஃபீபி துணை நடிகையாக வந்தார். பழக்கம் அங்கே ஆரம்பித்ததுதான். புரூக்ளின் மேடையில் இரண்டு தோழிகள் அரட்டை அடிக்கிற மாதிரியே இருக்கும் அந்த நிகழ்ச்சி, வழக்கமாக மேடை கிடைக்காத நகைச்சுவைக் கலைஞர்களை வரிசையாக மேலேற்றியது. பிறகு எச்பிஓ தொலைக்காட்சிக்குப் போனது. 2018இல் பாட்காஸ்ட் முடிந்தபோது கடைசி விருந்தாளி மிஷேல் ஒபாமா. 2017இல் 'தி இன்க்ரெடிபிள் ஜெசிகா ஜேம்ஸ்' படத்தில் நாயகி. ஹாரி பாட்டர் உலகத்துப் படங்களில் ஒரு பேராசிரியை வேடமும் உண்டு. அதைப் பற்றி எனக்குப் பெரிதாகச் சொல்ல ஒன்றுமில்லை.

2023இல் தொடங்கிய 'ஷ்ரிங்கிங்' தொடர் பற்றி நிறையவே உண்டு. மனநல ஆலோசகர் கேபி பாத்திரம். உடன் வேலை பார்க்கும் மூத்த ஆலோசகராக ஹாரிசன் ஃபோர்ட். கதையில் அந்த மூத்தவருக்கு பார்க்கின்சன் நோய், வண்டி ஓட்டக் கூடாது. கேபி தன் காரில் ஏற்றிக்கொண்டு போவாள். கிழவர் சிடுசிடுவென்று உட்கார்ந்திருக்க, இவள் வாயாடிக்கொண்டே வருவாள். அந்தக் காட்சிகளில் ஜெசிகா பேசுவதைவிட, ஃபோர்ட் பேசும்போது ஜெசிகாவின் முகத்தைப் பாருங்கள். எதிரில் இருப்பவரை முழுசாகக் கேட்கிறார். செய்தியாளராக நாலு வருஷம், எதிராளி என்ன உளறினாலும் கண் சிமிட்டாமல் கேட்டு வாங்கிய பழக்கம் அது என்றே நான் நம்புகிறேன். முதல் சீசனுக்கே எம்மி விருதுப் பரிந்துரை கிடைத்தது.

அந்த நாற்காலிக்கு ட்ரெவர் நோவா வந்தார், நன்றாகவே நடத்தினார். ஜெசிகா உட்கார்ந்திருந்தால் வாரத்தில் நாலு இரவு அரசியல்வாதிகளின் பேச்சுக்குப் பதில் சொல்லிக்கொண்டிருந்திருப்பார். கேபி நமக்குக் கிடைத்திருக்க மாட்டாள்.