ஹேசல் ஸ்காட்டை மறக்கடித்தவர்கள்

அமெரிக்காவின் ஆரம்பகால டிவியைப் பற்றி யார் எழுதினாலும் அதே நாலைந்து பெயர்கள்தான் வருகின்றன. ஜாஸ் பியானோ கலைஞர் ஹேசல் ஸ்காட்டின் பெயர் மட்டும் வருவதே இல்லை. தேசிய நெட்வொர்க் ஒன்றில் தன் பெயரிலேயே நிகழ்ச்சி நடத்திய முதல் கறுப்பினப் பெண் அவர். இதை நினைத்தால் எனக்கு மனசு ஆறுவதில்லை.

1943-ல் வந்த ஒரு படத்தில் அவர் வாசிக்கும் காட்சி யூடியூபில் இருக்கிறது, அவசியம் பாருங்கள். ஒரு பக்கம் கறுப்பு பியானோ, இன்னொரு பக்கம் வெள்ளை பியானோ. நடுவில் உட்கார்ந்து ஒரே நேரத்தில் இரண்டையும் வாசிக்கிறார், இடது கை ஒன்றில், வலது கை மற்றொன்றில். அதே படத்தில், கணவர்களைப் போருக்கு வழியனுப்பும் கறுப்பினப் பெண்களுக்கு அழுக்கு ஏப்ரனை மாட்டிவிட்டார்கள். அதை மாற்றும்வரை நடிக்க மாட்டேன் என்று மூன்று நாள் படப்பிடிப்பை நிறுத்திவைத்தார். ஹாலிவுட் வாய்ப்புகள் அதோடு சரி.

டுமாண்ட் என்ற அந்தக் கால டிவி நெட்வொர்க்கில் அவருடைய நிகழ்ச்சி 1950 ஜூலையில் தொடங்கியது. 15 நிமிடம், நேரலை. அதற்கு முந்தைய மாதம்தான் கம்யூனிஸ்ட் அனுதாபிகள் என்று 151 பேரைப் பட்டியலிட்ட 'ரெட் சேனல்ஸ்' என்ற சிறு புத்தகம் வெளியாகியிருந்தது. அதில் இவர் பெயரும் இருந்தது. செப்டம்பர் 22 அன்று நாடாளுமன்ற விசாரணைக் குழு முன் தானாகவே போய் நின்று மறுத்தார், அந்தப் பட்டியல் முறையையே கண்டித்தார். ஒரே வாரத்தில் நிகழ்ச்சி நின்றது.

சரி, பழைய பதிவாவது இருக்கும் என்று தேடினால் அதுவும் இல்லை. வீடியோ டேப் புழக்கத்துக்கு வந்தது 1956-ல்தான். அதற்கு முன் டிவி திரைக்கு எதிரே ஃபிலிம் கேமராவை வைத்துப் படம் பிடிப்பார்கள், அதன் பெயர் கினிஸ்கோப். டுமாண்ட் 1956-ல் மூடப்பட்டது. அவர்கள் எடுத்து வைத்திருந்த கினிஸ்கோப் சுருள்களை 1970-களில் மூன்று பெரிய லாரிகளில் ஏற்றிப்போய் நியூயார்க் விரிகுடாவில் கொட்டிவிட்டார்கள் என்று நடிகை ஈடி ஆடம்ஸ் 1996-ல் ஒரு பொது விசாரணையில் சொன்னார். ஹேசல் நிகழ்ச்சியின் ஒரு எபிசோடுகூட இன்றுவரை கிடைக்கவில்லை.

நல்ல கலை எப்படியும் நிலைக்கும் என்று நண்பர்கள் சொல்லும்போது என்னால் ஒத்துக்கொள்ள முடியவில்லை. இவரை ஜனங்கள் கேட்டு அலுத்துப்போய் ஒதுக்கவில்லையே! விளம்பரதாரர் பயந்தார், சேனல் கைகழுவியது, அப்புறம் சுருளும் போய்விட்டது. பிழைத்திருக்கும் பதிவுகளை மட்டும் பார்த்துவிட்டு 'அந்தக் காலத்துச் சிறந்த பத்துப் பேர்' என்று போடுகிறவர்கள் இதையும் கொஞ்சம் யோசிக்க வேண்டும்.

2019 கிராமி இசை விருது மேடையில் பாடகி அலிசியா கீஸ் இவர் பெயரைச் சொல்லிவிட்டு இரண்டு பியானோக்களைச் சேர்த்து வாசித்தார். அந்தக் காணொளியைப் பகிர்கிறவர்கள், ஹேசல் 1955-ல் ஜாஸ் கலைஞர்கள் சார்லஸ் மிங்கஸ், மேக்ஸ் ரோச் இருவரோடும் வெளியிட்ட 'ரிலாக்ஸ்டு பியானோ மூட்ஸ்' இசைத்தட்டையும் சேர்த்துப் பகிருங்கள். அது நமக்கு முழுசாகக் கிடைக்கிறது.