உறைபனியில் ஜெருசலேம் ஆர்டிசோக் கிழங்கு செத்துவிடுமா?

ஜெருசலேம் ஆர்டிசோக் கிழங்குகளை முதல் உறைபனிக்கு முன்பே முழுவதும் தோண்டிவிட வேண்டும், மண் உறைந்தால் அவை செத்துவிடும் என்று ஒருவர் பதிவிட்டிருக்கிறார். பலரும் அதை அப்படியே பகிர்வதால் இதை எழுதுகிறேன்.

உருளைக்கிழங்குக்கு அது சரிதான், குழப்பமும் அங்கிருந்துதான் வந்திருக்கும். ஆனால் ஜெருசலேம் ஆர்டிசோக் சூரியகாந்தி இனம், வட அமெரிக்காவே தாயகம். 1605இல் பிரெஞ்சு கடலோடி சாம்ப்ளேன், இன்றைய அமெரிக்காவின் கிழக்குக் கரையிலுள்ள கேப் காட் பகுதியில் பூர்வகுடிகளின் தோட்டங்களில் இதைக் கண்டிருக்கிறார். உறைபனியில் கருகுவது தண்டும் இலையும் மட்டுமே. கிழங்கு மண்ணுக்குள் உறங்கி, வசந்தத்தில் முளைக்கும். குளிரில் அதிலுள்ள இனுலின் என்ற மாவுப்பொருள் போன்ற சத்து ஓரளவு சர்க்கரையாக மாறுவதால் இனிப்பும் கூடும்.

முன்கூட்டியே எல்லாவற்றையும் தோண்டுவதில்தான் நட்டம். தோல் மிக மெல்லியது, வெளியே வைத்தால் சில நாட்களிலேயே சுருங்கத் தொடங்கும். தயவுசெய்து தேவைக்கு மட்டும் எடுங்கள். உறைந்த மண்ணைத் தோண்டுவது கடினம் என்பது உண்மை. அதற்கு ஒரு சாண் உயரம் வைக்கோலோ சருகோ பரப்பினால் போதும்.

சந்தேகமிருந்தால் இந்த இலையுதிர் காலத்தில் இரண்டு கிழங்குகளை மட்டும் மண்ணிலேயே விட்டு, பக்கத்தில் ஒரு குச்சி நட்டு வையுங்கள். பனி உருகியதும் ஒன்றைத் தோண்டி வெட்டிப் பாருங்கள், உள்ளே வெள்ளையாக, கெட்டியாக இருக்கும். மற்றதைத் தொடாமல் விடுங்கள், சில வாரங்களில் முளை தெரியும். ஏற்கனவே வளர்ப்பவர் யாரையாவது கேட்டாலும் சொல்வார்கள்: தோண்டும்போது தவறிய துண்டுகூட அடுத்த ஆண்டு செடியாகி நிற்கும்.