புரொடக்‌ஷன் டிசைனரின் வேலை கதிரை மேசை அடுக்குவது அல்ல
ஒரு அண்ணா, புரொடக்‌ஷன் டிசைனர் என்றால் படப்பிடிப்பு இடத்தில் தளபாடம் அடுக்குபவர் என்று எழுதியிருக்கிறார். பலர் அதைப் பகிர்ந்தும் இருக்கிறார்கள். அது சரியல்ல.

தளபாடம், திரைச்சீலை, சுவர்ப் படம் எல்லாம் செட் டெக்கரேட்டரின் பொறுப்பு. புரொடக்‌ஷன் டிசைனர் அவருக்கும் மேலே, படத்தின் முழுத் தோற்றத்துக்கும் பொறுப்பானவர். கொழும்பு வெள்ளவத்தையின் ஒழுங்கை ஒன்றை 1970களுக்குக் கொண்டுபோக வேண்டும் என்று வையுங்கள். எந்தப் பெயர்ப்பலகை மறைய வேண்டும், சுவரில் பழைய சுண்ணாம்பு எவ்வளவு உரிந்திருக்க வேண்டும், மேசையில் கிடக்கும் கடிதத்தைத் தேயிலைச் சாயத்தில் நனைத்துப் பழுப்பாக்குவதா என்பதெல்லாம் அவர் வகுக்கும் திட்டத்தில்தான் வரும். அதுவும் படப்பிடிப்புக்கு வெகு முன்பே, இயக்குநரோடும் ஒளிப்பதிவாளரோடும் பேசி.

பல தமிழ்ப் படங்களில் இந்த வேலைகளுக்கெல்லாம் ‘கலை’ என்று ஒரே பெயர் வருவதால் இந்தக் குழப்பம் வருவது இயல்புதான்.

நீங்களே பார்க்கலாம். ஒரு ஹொலிவூட் படத்தின் கடைசிப் பெயர்ப்பட்டியலை நிறுத்தி வாசியுங்கள். புரொடக்‌ஷன் டிசைனர், அவருடைய திட்டத்தைச் செயற்படுத்தும் ஆர்ட் டைரக்டர், செட் டெக்கரேட்டர் என்று தனித்தனியே இருக்கும். ஒஸ்கார் தளத்திலும் தேடலாம். 2012இல் புரொடக்‌ஷன் டிசைன் என்று பெயர் மாறிய விருதுப் பிரிவில் (முன்பு ஆர்ட் டைரக்‌ஷன்), டிசைனரும் செட் டெக்கரேட்டரும் தனித்தனிப் பெயர்களாகத்தான் பதிவாகியிருக்கிறார்கள்.