மைக்பிடி வீரர்

(காரைக்குடிப் பக்கம், வடமாடு மஞ்சுவிரட்டுத் திடல். காளையைத் தடவிக்கொண்டு காளைக்காரர். சால்வை போர்த்திய தோளோடு, மைக்கோடு வெளியூர் வர்ணனையாளர்.)

வர்ணனையாளர்: ஐயா, வாடிவாசல் எந்தப் பக்கம்? அங்கே நின்னுதான் பேசணும்.

காளைக்காரர்: இது வடமாடு தம்பி. மாட்டை அவுத்து விடுற வாடிவாசல் இங்கே கிடையாது.

வர்ணனையாளர்: தெரியும், தெரியும். மாட்டோடயே வளர்ந்தவன் நான். வடம்னா கயிறு. ஒரு பக்கம் ஒன்பது பேர், மறுபக்கம் மாடு. யார் இழுக்கிறாங்களோ அவங்களுக்கு ஜெயம்!

காளைக்காரர்: மாட்டுக்கிட்ட சொல்லிட்டீங்களா?

வர்ணனையாளர்: எதை?

காளைக்காரர்: கயிறு இழுக்கிற போட்டின்னு. அது பாவம், குத்தத்தான் கூட்டிட்டு வர்றோம்னு நினைச்சுக்கிட்டிருக்கு.

வர்ணனையாளர்: சும்மா உங்களைச் சோதிச்சேன்.

காளைக்காரர்: வடத்தோட ஒரு முனை திடல் நடுவுல, மறுமுனை மாட்டுக் கழுத்துல. இங்கே 25 நிமிஷம். ஒன்பது பேரும் அதுக்குள்ள அடக்கினா பரிசு அவங்களுக்கு. இல்லைன்னா மாட்டுக்கு.

வர்ணனையாளர்: அதேதான்! அந்த ஒன்பது பேரும் வாடிவாசல்ல...

காளைக்காரர்: இல்லை தம்பி.

வர்ணனையாளர்: அலங்காநல்லூர்லயே மாடு பிடிச்சவன் ஐயா நான். கொம்பை இப்படிப் பிடிச்சு...

காளைக்காரர்: கொம்பைப் பிடிச்சா அங்கே வெளியே அனுப்பிடுவாங்களே?

வர்ணனையாளர்: அனுப்பினாங்க. திரும்பப் போய் வாலைப் பிடிச்சேன்.

காளைக்காரர்: ரெண்டுக்கும் நடுவுல திமில்னு ஒண்ணு இருக்குமே, கண்ணுல படலையா?

வர்ணனையாளர்: 2017-ல ஜல்லிக்கட்டுக்காக மெரினாவுல ராப்பகலா உட்கார்ந்தவன்கிட்ட இப்படிக் கேக்கலாமா?

காளைக்காரர்: பெரிய காரியம்தான். அங்கே மாடு ஏதும் வந்துச்சா?

வர்ணனையாளர்: கடல் இருந்துச்சு.

காளைக்காரர்: அதுக்கு வாடிவாசல்?

(விழாக் கமிட்டிக்கு இந்தக் கேள்வியெல்லாம் தோன்றுவதே இல்லை. மைக்கைப் பார்த்ததும் சால்வையைத் தேட ஆரம்பித்துவிடுகிறார்கள்.)

காளைக்காரர்: சரி, இந்தத் தண்ணி வாளியை அதுக்கு முன்னால வைங்க. மாட்டோட வளர்ந்தவராச்சே.

வர்ணனையாளர்: நானா? குரல் கெட்டுப்போகும் ஐயா.

காளைக்காரர்: வாளியைக் கையாலதான் தூக்கணும்.

(காளை மூச்சு விட்டது. சால்வை மட்டும் இருந்த இடத்திலேயே விழுந்தது. ஆள் வேலிக்கு அந்தப் பக்கம்.)

காளைக்காரர்: மாட்டை டாக்டர் பாக்குறாரு. இறங்குற பசங்களை இன்னொரு டாக்டர் பாக்குறாரு. மைக் பிடிக்கிறவங்களை மட்டும் யாரும் பரிசோதிக்கிறதே இல்லை.

வர்ணனையாளர்: அருமை ஐயா! இதை அப்படியே மைக்ல சொல்லிக்கவா?

காளைக்காரர்: தாராளமா. என் பேர் வேண்டாம், மாட்டுப் பேரைப் போடுங்க.