63-3 எதற்கும் சாட்சி இல்லை

அமெரிக்கக் கல்லூரி ஃபுட்பாலில், 2023 சீசனின் ஆரஞ்சு பவுல் ஆட்டம் முடிந்ததிலிருந்து என் வாட்ஸ்அப் முழுக்க அந்த ஸ்கோர்தான். ஜார்ஜியா 63, ஃப்ளோரிடா ஸ்டேட் 3. கூடவே 'கமிட்டி எடுத்த முடிவு சரிதானே' என்று ஒரு வரி. தேசியக் கோப்பைக்கான பிளேஆஃபுக்கு நான்கு அணிகளைத் தேர்ந்தெடுக்கும் கமிட்டி, ஃப்ளோரிடா ஸ்டேட்டை விட்டுவிட்டு அலபாமாவை எடுத்த முடிவைத்தான் சொல்கிறார்கள். நேற்று வீட்டுக்கு வந்த நண்பரும் இலை போட்டு உட்கார்ந்ததும் அதையேதான் ஆரம்பித்தார். என்னைவிட வயதில் மூத்தவர், அண்ணன் மாதிரி. பதில் பேசாமல் ரசத்தை ஊற்றினேன். அங்கே சொல்லாததை இங்கே சொல்கிறேன்.

13 ஆட்டம் ஆடி 13-லும் ஜெயித்த அணியை பிளேஆஃபுக்கு விடாதது அநியாயம். முடிவு வந்த டிசம்பர் 3 அன்று அநியாயமாக இருந்தது, 63-3க்குப் பிறகும் அநியாயம்தான்.

மயாமியில் அன்று இறங்கியது அந்த 13-0 அணியே கிடையாது. கியான் கோல்மன் இல்லை, ஜானி வில்சன் இல்லை, ட்ரே பென்சன் இல்லை, ஜாரெட் வெர்ஸ் இல்லை. முக்கியமான இந்த நால்வரும் ஆடாமல் ஒதுங்கிவிட்டார்கள். மாற்றுக் குவார்ட்டர்பேக் (பந்தை எறிந்து ஆட்டத்தை நடத்துபவர்) டேட் ரோட்மேக்கர் வேறு கல்லூரி தேடி டிரான்ஸ்ஃபர் போர்ட்டலுக்குப் போய்விட்டார். இப்படி இருபது பேருக்கு மேல் கிடையாது. முதல் வருஷப் பையன் ப்ராக் க்ளென்னை வைத்துக்கொண்டு, 2021, 2022 இரண்டு வருஷமும் தேசியச் சாம்பியனாக இருந்த ஜார்ஜியாவோடு ஆடினார்கள். கமிட்டி வெளியே தள்ளியதால்தான் இந்த நிலைமை. அதையே காட்டி 'பாருங்கள், தள்ளியது சரி' என்றால் என்ன நியாயம்?

'மானம் இருந்தால் எல்லோரும் ஆடியிருக்க வேண்டும்' என்கிறீர்கள். எதற்காக ஆட வேண்டும்? தொழில்முறை அணிகள் கல்லூரி வீரர்களைத் தேர்ந்தெடுக்கும் என்எஃப்எல் டிராஃப்ட் 2024 ஏப்ரலில் அவர்களுக்காகக் காத்திருந்தது. ஒன்றுக்கும் உதவாத ஆட்டத்தில் முட்டி போனால் நீங்களா சம்பளம் கொடுப்பீர்கள்? அணியின் முதல் குவார்ட்டர்பேக் ஜோர்டன் டிராவிஸின் கால் என்ன ஆனது என்று அவர்கள் கண்ணால் பார்த்தவர்கள்.

நானும் பார்த்தேன். நவம்பர் 18, டோக் கேம்பெல் ஸ்டேடியம், நார்த் அலபாமாவுடன் ஆட்டம். முதல் குவார்ட்டரிலேயே டிராவிஸ் பந்தோடு ஓடி விழுந்தார், எழுந்திருக்கவில்லை. வண்டி கொண்டுவந்து ஏற்றினார்கள். பக்கத்து சீட்டுப் பெரியவர் தொப்பியைக் கழற்றி மடியில் வைத்துக்கொண்டு பேசாமல் உட்கார்ந்திருந்தார். சின்ன அணியிடம் 0-13 என்று பின்தங்கியிருந்த நேரம் அது. அப்புறம் என்ன நடந்தது? 58-13 என்று ஜெயித்தார்கள், டிராவிஸ் இல்லாமல்.

அன்று இரவு தூக்கமே இல்லை. விடியற்காலையில் அகமதாபாத் ஃபைனல் வேறு. அதையும் சொல்லியாக வேண்டும். உலகக் கோப்பையின் நடுவில் ஹர்திக் பாண்டியா அடிபட்டு வெளியே போனார். 'பாண்டியா இல்லாத இந்தியா வேறு அணி, அரையிறுதிக்கு வேண்டாம்' என்று யாராவது சொன்னார்களா? பத்து ஆட்டம் ஜெயித்தார்கள், ஃபைனலுக்குப் போனார்கள், தோற்றார்கள். ஆனால் ஆடித் தோற்றார்கள். அந்த உரிமையைத்தான் கேட்கிறேன். இவர்கள் ஜெயித்திருப்பார்கள் என்று நான் எங்கேயும் சொல்லவில்லை.

கமிட்டித் தலைவர் பூ காரிகன் சொன்ன காரணம், டிராவிஸ் இல்லாமல் இது முன்பு இருந்த அணி இல்லை என்பது. முக்கிய வீரர் இல்லாததைக் கணக்கில் எடுத்துக்கொள்ளலாம் என்று விதியில் இருக்கிறது, சரி. 2014-லும் ஏறக்குறைய இதே நிலைமைதானே? ஒஹாயோ ஸ்டேட்டில் முதல் குவார்ட்டர்பேக்கும் காயம், இரண்டாவதும் காயம். மூன்றாவது ஆள் கார்டேல் ஜோன்ஸை வைத்துக்கொண்டு உள்ளே வந்தார்கள். அலபாமாவைத் தோற்கடித்தார்கள், ஓரிகனைத் தோற்கடித்தார்கள், கோப்பையைத் தூக்கினார்கள். விஸ்கான்சினை 59-0 என்று அடித்ததால் அவர்களை எடுத்தார்கள் என்பீர்கள். ஆமாம், எங்கள் பையன்கள் லூயிவில்லை 16-6 என்றுதான் ஜெயித்தார்கள். பார்க்க அழகாக இல்லை. அதனால் என்ன, ஜெயித்தார்களா இல்லையா?

'ஏசிசி வீக்கான கான்ஃபரன்ஸ்' என்பது அடுத்த பாட்டு. ஃப்ளோரிடா ஸ்டேட் ஆடும் பிரிவுதான் ஏசிசி. சீசனின் முதல் ஆட்டமே, அலபாமாவும் ஜார்ஜியாவும் இருக்கும் எஸ்இசி பிரிவின் எல்எஸ்யுவோடு, 45-24 என்று ஜெயித்தார்கள். அந்த எல்எஸ்யு குவார்ட்டர்பேக் ஜேடன் டேனியல்ஸ்தான் 2023-ல் சிறந்த கல்லூரி வீரருக்கான ஹைஸ்மன் விருது வாங்கியவர். நவம்பர் 25 அன்று கெய்ன்ஸ்வில்லுக்கே போய், டிராவிஸ் இல்லாமல், இன்னொரு எஸ்இசி அணியான ஃப்ளோரிடாவை 24-15 என்று ஜெயித்தார்கள். அதே நாளில் அலபாமா என்ன செய்துகொண்டிருந்தது? ஆபர்னிடம் தோற்கப் போய், கடைசி நிமிஷத்தில் நான்காவது டவுனில், அதாவது கடைசி வாய்ப்பில், 31 யார்டு பாஸ் ஒன்று பிடிபட்டதால் தப்பித்தது. செப்டம்பரில் சொந்த மைதானத்திலேயே டெக்சஸிடம் 34-24 என்று தோற்ற அணியும் அதுதான். அந்த அலபாமாவுக்கு இடம் உண்டு, ஒரு ஆட்டம்கூடத் தோற்காதவனுக்கு இல்லை. ஜார்ஜியாவை ஜெயித்தார்களே என்றால், ஜெயித்தார்கள், மறுக்கவில்லை. டெக்சஸிடம் தோற்றதை அது அழித்துவிடுமா?

முடிவு வந்த அன்று டிராவிஸ் எழுதியதைப் படித்தீர்களா? சீசனின் ஆரம்பத்திலேயே என் கால் முறிந்திருக்கக் கூடாதா, இந்த அணி ஒரு குவார்ட்டர்பேக் மட்டும் இல்லை என்று நீங்கள் பார்த்திருப்பீர்களே என்று எழுதியிருந்தார். கூடவே மன்னிப்பும் கேட்டிருந்தார். படித்துவிட்டு என்னால் சாப்பிட முடியவில்லை. கால் உடைந்து படுத்திருக்கும் பையனை, தன்னால்தான் எல்லாம் கெட்டது என்று நினைக்கவைத்துவிட்டார்கள். 2021-ல் ஜாக்சன்வில் ஸ்டேட்டிடம் கடைசி பந்தில் தோற்று ஊரே சிரித்தபோதும் இந்த அணியில் இருந்தவர் அவர். 5-7 என்று முடிந்த சீசன் அது. அங்கிருந்து இரண்டே வருஷத்தில் 13-0. கோச் மைக் நோர்வெல் என்ன சொல்லி அந்தப் பையன்களை இழுத்துக்கொண்டு வந்திருப்பார்? 'எல்லாவற்றையும் ஜெயியுங்கள், மற்றது தானாக வரும்' என்றுதானே சொல்லியிருக்க முடியும்? இனி எந்தக் கோச் எந்த முகத்தோடு அதைச் சொல்வார்?

'விடுங்க சார், 2024-லிருந்து பிளேஆஃபில் 12 அணியாமே' என்று ஆறுதல் சொன்னார்கள். இருக்கட்டும், நல்லதுதான். அதனால் 2023 அணிக்கு என்ன லாபம்? டிராவிஸுக்குக் கல்லூரி ஆட்டமே முடிந்துவிட்டது. கோல்மனும் வெர்ஸும் பென்சனும் டிராஃப்டுக்குக் கிளம்பிவிட்டார்கள். 2024-ல் ஆட வருவது வேறு பையன்கள்.