சட்டப்படி சரிதான், அப்புறம்?

ஞாயிற்றுக்கிழமையிலிருந்து போன் ஓயவில்லை. பூங்காவில் நடந்தது டல்லாஸ் பக்கம் இருக்கும் எல்லோருக்கும் தெரியும், வீடியோவும் எல்லா வாட்ஸ்அப் குழுவிலும் சுற்றி முடித்துவிட்டது. அதனால் கதையை முதலிலிருந்து சொல்லப்போவதில்லை. சங்கத்துப் பொங்கல் விழாவுக்கு ஒருவர் துப்பாக்கியை வெளியே தெரிய இடுப்பில் மாட்டிக்கொண்டு வந்தார், நான் அதைக் கேட்டேன், அவ்வளவுதான். "பொங்கல் விழாவில் ஒரு பெண்மணி தேவையில்லாமல் சீன் போட்டார்" என்று நாசூக்காகப் பெயர் போடாமல் எழுதியிருக்கிறார்களே, அந்தப் பெண்மணி நான்தான். பெயர் போட்டே எழுதுங்கள், பரவாயில்லை.

நான் போட்ட சீன் இவ்வளவுதான்: "அண்ணா, அதைக் கொஞ்சம் கார்ல வச்சிட்டு வந்துடுங்களேன், பிள்ளைங்க ஓடி விளையாடுறாங்க." குரலைக்கூட உயர்த்தவில்லை. பட்டு வேட்டி, அதற்குமேல் அகலமான தோல் பெல்ட், பெல்ட்டில் உறை, உறைக்கு வெளியே கறுப்பாகத் துப்பாக்கியின் பிடி. சர்க்கரைப் பொங்கல் வரிசையில் அவருக்கு முன்னால் நின்ற குழந்தையின் தலை சரியாக அந்தப் பிடியின் உயரத்துக்கு இருந்தது. அவர் சிரித்துக்கொண்டே சொன்ன பதில்: "லீகல்தான்மா. நாம டெக்சாஸ்ல இருக்கோம்."

சரி. லீகல்தான். நான் இல்லை என்று சொல்லவே இல்லையே! 2021 செப்டம்பர் 1-லிருந்து இங்கே 21 வயது நிரம்பி, சட்டம் தடுக்காத யாரும் லைசென்ஸே இல்லாமல் கைத்துப்பாக்கியை இடுப்பில் மாட்டிக்கொண்டு பொது இடத்தில் நடக்கலாம். வெளியே தெரிந்தால் உறையில் இருக்க வேண்டும், அவ்வளவுதான். பள்ளிக்கூடம், கோர்ட், வாக்குச்சாவடி, வருமானத்தில் 51 சதவீதம் மதுவிலிருந்து வரும் பார் என்று சில இடங்களுக்குத் தடை உண்டு. நகராட்சிப் பூங்கா அந்தப் பட்டியலில் இல்லை. இதையெல்லாம் எனக்குக் கமெண்டில் பாடம் எடுத்த அத்தனை பேருக்கும் நன்றி. பதினாறு வருடமாக இங்கேதான் குப்பை கொட்டுகிறேன், எனக்கும் தெரியும்.

நான் கேட்பது வேறு. நீங்கள் துப்பாக்கியை எல்லோருக்கும் தெரிகிற மாதிரி மாட்டிக்கொண்டு வந்த அந்த நிமிடத்திலிருந்து, நீங்கள் நல்லவரா கெட்டவரா என்று கண்டுபிடிக்கிற வேலை என் தலையில் விழுகிறது. நான் கேட்டு வாங்கிய வேலை இல்லை அது. அங்கே இருந்த ஒவ்வொரு அம்மாவின் தலையிலும் விழுந்தது. உங்களைத் தெரிந்தவர்களுக்குக் கவலையில்லை. ஆனால் அன்றைக்குத்தான் முதல் முறையாக வந்தவர்கள் எத்தனை குடும்பம்? அவர்களுக்கு உங்கள் வேட்டியும் நெற்றித் திருநீறும் நற்சான்றிதழா?

"டெக்சாஸ் கலாச்சாரம் தெரியாதவர்" என்று ஒருவர். ஐயா, கௌபாய் படம் பார்த்து டெக்சாஸ் வரலாறு படித்தால் இப்படித்தான் ஆகும். இந்த மாநிலம் 1871-லேயே பொது இடத்தில் கைத்துப்பாக்கி தூக்குவதைத் தடை செய்தது. மறைத்து எடுத்துப்போக லைசென்ஸ் கொடுக்கும் சட்டமே 1995-ல்தான் வந்தது. வெளியே தெரிய மாட்டிக்கொள்ளலாம் என்று ஆனது 2016 ஜனவரி 1-ல், அதுவும் லைசென்ஸ் இருந்தால். ஐந்தே வருடத்தில் அந்த லைசென்ஸும் வேண்டாம் என்றாகிவிட்டது. நான் இந்த ஊருக்கு வந்தபோது இல்லாத ஒரு பரம்பரைக் கலாச்சாரத்தை எனக்கே சொல்லிக்கொடுக்கிறார்கள்.

அடுத்தது, எல்லோரும் சொல்லி வைத்த மாதிரி தூக்கிக்கொண்டு வருவது: "நல்லவன் கையில் துப்பாக்கி இருந்தால்தான் கெட்டவனைத் தடுக்க முடியும்." கில்லீன் ஊர் உணவகத்தில் 1991-ல் 23 பேர் கொல்லப்பட்டதைச் சொல்கிறார்கள். அங்கே சாப்பிடப் போயிருந்த சூசன்னா ஹப் என்ற பெண் அன்று சட்டத்துக்குப் பயந்து தன் துப்பாக்கியைக் காரிலேயே வைத்துவிட்டுப் போனார், அப்பா அம்மா இருவரையும் அங்கேயே இழந்தார். அந்தக் கதையை எப்போது படித்தாலும் எனக்குத் தொண்டை அடைக்கும். அவரிடம் போய் நான் எந்த வாதமும் செய்ய மாட்டேன். ஆனால் அதற்குப் பிறகு வந்த சட்டம் எது? மறைத்து வைத்துக்கொள்கிற சட்டம். அண்ணா, நீங்களும் ஜிப்பாவுக்குள் மறைத்து வைத்துக்கொள்ளுங்களேன், யார் வேண்டாம் என்றது? எங்களைக் காப்பாற்றத்தான் கொண்டுவந்தீர்கள் என்றால் எங்களுக்குக் காட்டிக்கொண்டே நிற்க வேண்டிய அவசியம் என்ன?

நல்லவனா கெட்டவனா என்று கண்டுபிடிக்கிற இந்த வேலை போலீஸுக்கே கஷ்டம் என்பதற்கு நம் டல்லாஸ்தான் சாட்சி. 2016 ஜூலை 7 மறக்குமா? இங்கே நடந்த கண்டன ஊர்வலத்தில் சிலர் ரைஃபிளைத் தோளில் மாட்டிக்கொண்டு நடந்தார்கள், முழுக்கச் சட்டப்படி. ஒருவன் போலீஸைப் பார்த்துச் சுட ஆரம்பித்ததும் யார் எந்தப் பக்கம் என்று ஒருவருக்கும் புரியவில்லை. ஐந்து போலீஸ்காரர்கள் செத்தார்கள். ரைஃபிளோடு வந்திருந்த ஒரு கறுப்பினத்தவரின் படத்தைப் போட்டு 'இவர் எங்கள் சந்தேக நபர்களில் ஒருவர்' என்று டல்லாஸ் போலீஸே ட்விட்டரில் போட்டது. அந்த மனிதர் துப்பாக்கியைத் தானாகவே போலீஸிடம் கொடுத்துவிட்டிருந்தார். அவர் மேல் ஒரு தப்பும் இல்லை. ஆனால் ஊரெல்லாம் அவர் முகம். அப்போதைய போலீஸ் தலைவர் டேவிட் பிரவுன், கூட்டத்தில் பலர் தோளில் ரைஃபிள் தொங்கும்போது யார் நல்லவன், யார் கெட்டவன் என்று பிரிப்பது எவ்வளவு கஷ்டம் என்று வெளிப்படையாகவே பேசினார். பயிற்சி பெற்ற போலீஸால் முடியாததைக் கையில் கரண்டியோடு நிற்கிற நான் செய்ய வேண்டுமாம்!

இன்னொன்றும் இருக்கிறது, சொன்னால் வருத்தப்படுவார் என்று இவ்வளவு நாள் சொல்லாமல் இருந்தேன். அண்ணா, அந்தப் படத்தில் இருந்தவரின் தோல் நிறத்தையும் உங்கள் தோல் நிறத்தையும் ஒருமுறை யோசித்துப் பாருங்கள். பக்கத்து மைதானத்தில் கால்பந்து ஆடிக்கொண்டிருந்தவர்களில் யாராவது 911-ஐ அழைத்திருந்தால், வருகிற போலீஸ்காரருக்கு நீங்கள் அமெரிக்கக் குடிமகன், மென்பொருள் மேலாளர், சங்கத்தின் முன்னாள் பொருளாளர் என்பதெல்லாம் தூரத்திலிருந்தே தெரிந்துவிடுமா? உங்களுக்காகவும்தான் பயந்தேன். அதை யாரும் நம்பப்போவதில்லை.

"துப்பாக்கியையே பார்க்காதவர்களுக்கு இப்படித்தான் நடுக்கம் வரும்." இதை எழுதியது என்னை நன்றாகத் தெரிந்த ஒரு தோழி. அதனால்தான் இதற்குப் பதில் சொல்லாமல் விட முடியவில்லை.

எங்கள் அப்பா ராணுவத்திலிருந்து வந்த பிறகு பாளையங்கோட்டையில் ஒரு வங்கி வாசலில் காவலர். பன்னிரண்டு போர் இரட்டைக்குழல் துப்பாக்கி, அவர் பெயரிலேயே லைசென்ஸ். நம் ஊர் வங்கிகளில் ஸ்டூல் போட்டு உட்கார்ந்திருப்பார்களே, அதே மாதிரி. துப்பாக்கி தூக்கித்தான் என்னை இன்ஜினியரிங் படிக்க வைத்தார். சாயங்காலம் வந்ததும் குழலை மடித்து, வெளிச்சத்துக்கு எதிரே பிடித்து ஒரு கண்ணால் பார்ப்பார். எண்ணெய்த் துணி, நீளமான கம்பி. தோட்டாக்கள் பீரோவுக்குள், சாவி அவருடைய அரைஞாணில். தேர்தல் வந்தால் லைசென்ஸ்காரர்கள் எல்லாம் ஸ்டேஷனில் கொண்டுபோய் ஒப்படைக்க, இவர் மட்டும் விலக்கு வாங்க வங்கிக் கடிதத்தைத் தூக்கிக்கொண்டு அலைவார். புதுப்பிக்கிற வருடம் வந்துவிட்டால் வீட்டில் யாரும் அவரிடம் வாய் கொடுக்க மாட்டோம்.

அவர் பஸ்ஸில் போகும்போது துப்பாக்கிக்குக் காக்கி உறை போட்டு, வாய்ப்பகுதியில் நாடாவை இறுக்கிக் கட்டி, பின்படிக்கட்டுப் பக்கம் நிற்பார். உட்கார இடம் இருந்தாலும் உட்கார மாட்டார். பக்கத்தில் இருப்பவர்கள் நகர்ந்து உட்காருவதைப் பார்க்க அவருக்குப் பிடிக்காது. டீக்கடைக்குள் அதோடு நுழைந்து நான் பார்த்ததில்லை. சம்பளத்துக்காகத் துப்பாக்கி தூக்கியவருக்கு இருந்த அந்தக் கூச்சம், சும்மா தூக்குகிறவருக்கு ஏன் இல்லை? இதைக் கேட்டால் நான் கோழை. சரி, கோழையாகவே இருந்துவிட்டுப் போகிறேன்.

எனக்குப் பயமே இல்லை என்று சொல்லவும் மாட்டேன். 2023 மே மாதம் பக்கத்து ஊர் ஆலன் அவுட்லெட் மாலில் ஒருவன் சுட்டதில் எட்டுப் பேர் செத்தார்கள். நாம் எல்லோரும் தீபாவளிக்கு ஷூ வாங்கப் போகிற இடம். அதில் ஹைதராபாத்திலிருந்து வந்த ஓர் இளம் பொறியாளரும் ஒருத்தி. அன்று இதே குழுக்களில் "எல்லாரும் சேஃபா?" என்று ராத்திரி முழுக்கக் கேட்டுக்கொண்டிருந்தோமே, நினைவில்லையா? சுட்டவனுக்கும் உங்களுக்கும் என்ன சம்பந்தம் என்று கேட்பீர்கள். ஒன்றுமில்லை. அது எனக்குத் தெரியும். ஊஞ்சலில் இருந்து இறங்கி ஓடிவந்து என் துப்பட்டாவைப் பிடித்துக்கொண்ட பிள்ளைக்குத் தெரியாது. துப்பாக்கியோடு யாராவது நுழைந்தால் பள்ளிக்கூடத்தில் விளக்கை அணைத்துவிட்டு மூலையில் சத்தம் போடாமல் உட்காரப் பழக்கியிருக்கிறார்கள் அவனுக்கு.

"பிடிக்காதவர்கள் போகட்டும்" என்றும் ஒரு மகான் எழுதியிருக்கிறார். பிடிக்காததை வாசலிலேயே எழுதி ஒட்டவும் இதே டெக்சாஸ் சட்டம் இடம் கொடுத்திருக்கிறது, தெரியுமா? தனியார் இடமாக இருந்தால், லைசென்ஸ்காரர்களும் வெளியே தெரிய மாட்டிக்கொண்டு உள்ளே வரக் கூடாது என்கிற 30.07 போர்டு வைக்கலாம். ஆங்கிலத்திலும் ஸ்பானிஷிலும், ஒரு அங்குல எழுத்தில். லைசென்ஸ் இல்லாதவர்களுக்கு 30.05 என்று தனிப் போர்டு. எச்-இ-பி போன்ற கடைகள் வெளிப்படையாக மாட்டிக்கொண்டு உள்ளே வராதீர்கள் என்று சொன்னவைதான். எல் பாசோ ஊரில் தன் கடையிலேயே நடந்த துப்பாக்கிச்சூட்டுக்குப் பிறகு வால்மார்ட்டும் 2019-ல் அதையே கேட்டுக்கொண்டது. அங்கெல்லாம் போய் "லீகல்தான்மா" என்று யாரும் சண்டை போட்டதாகத் தெரியவில்லை. சங்கத்து மனுஷி கேட்டால் மட்டும் உரிமை பறிபோய்விடுகிறது.

சட்டம், சட்டம் என்கிறீர்களே, வீடியோவின் கடைசிப் பகுதியையும் பாருங்கள். நான் தட்டுகளை எடுத்துவைக்கப் போன பிறகு நடந்தது. ஊரிலிருந்து மகனைப் பார்க்க வந்திருக்கும் பெரியவர் ஆசையாக "நிஜத் துப்பாக்கியா தம்பி?" என்று கேட்கிறார். நம் அண்ணன் தோட்டாவை எடுத்துவிட்டு அவர் கையில் கொடுக்கிறார், போட்டோவும் எடுக்கிறார்கள். பார்வையாளர் விசாவில் இருப்பவரும் எச்-1பி வேலை விசாவில் இருப்பவரும் துப்பாக்கி வைத்திருக்கக் கூடாது என்பது மத்தியச் சட்டம். பிரிவு 922. சொந்தமாக வாங்கினால்தான் தப்பு என்று நினைத்துவிடாதீர்கள், கையில் வைத்திருப்பதே சிக்கல். அதிகபட்சம் 15 வருடச் சிறை. வேட்டை லைசென்ஸ் மாதிரி சில விலக்குகள் உண்டு, ஆனால் அந்தப் பெரியவர் மான் வேட்டைக்கு வந்ததாகத் தெரியவில்லை. சுற்றி நின்று கைதட்டியவர்களில் பாதிப் பேர் அதே விசாக்காரர்கள். அந்தப் போட்டோவைத் தயவுசெய்து இறக்கிவிடுங்கள். அவருடைய அடுத்த விசா நேர்காணலில் "நாம டெக்சாஸ்ல இருக்கோம்" என்று சொல்ல நீங்கள் கூடப் போகப்போவதில்லை.

நிர்வாகக் குழுவுக்கும் ஒன்று சொல்ல வேண்டும். "இரு தரப்பும் அமைதி காக்கவும்" என்று அறிக்கை விட்டிருக்கிறீர்கள். இரு தரப்பா? ஒரு தரப்பு துப்பாக்கி வைத்திருந்தது. இன்னொரு தரப்பு பாத்திரம் தேய்த்துக்கொண்டிருந்தது.

சித்திரைத் திருநாளுக்குத் தனியார் மண்டபம் பிடித்து, வாசலில் போர்டு வைக்க முடியுமா என்று குழுவுக்கு எழுதிக் கேட்டிருக்கிறேன். "அடுத்த கூட்டத்தில் பரிசீலிப்போம்" என்று பதில் வந்திருக்கிறது. பரிசீலியுங்கள். அதுவரை மாங்காய்ப் பச்சடிக்கும் இருநூறு பேர் சமையலுக்கும் வேறு ஆளைப் பார்த்துக்கொள்ளுங்கள்.